அடுப்படி மணல்

எங்கள் வீட்டுப் பரணில் வாய் உடைந்த பானை ஒன்று இருந்தது. அதற்குள் மூன்று படி மணல். கறுத்துப்போய், காப்பித்தூள் நிறத்துக்கு வந்துவிட்ட மணல். மல்லாட்டை வறுக்கும் நாளில் மட்டும் அது கீழே இறங்கும். வறுத்து, சலித்து, சூடு ஆறிய பிறகு திரும்பவும் பானைக்குள் போய்விடும். எலி புரளக் கூடாதென்று ஆயா, எங்கள் பாட்டி, அதன்மேல் ஒரு மரப்பலகையை வைத்து, பலகைமேல் ஒரு கல்லையும் வைத்திருந்தாள். உப்புச் சாடிக்கும் ஊறுகாய்ச் சாடிக்கும் உள்ள மரியாதை அந்தப் பானைக்கும் இருந்தது.

ஊரை விட்டுச் சென்னைக்கு வந்து முப்பது வருஷம் ஆகிறது. கிணறு, வேப்பமரம், களத்துமேடு என்று நினைத்து ஏங்க எத்தனையோ இருக்கின்றன. எனக்கு என்னவோ அந்த மூன்று படி மணல்தான் முதலில் வந்து நிற்கிறது.

மல்லாட்டை என்று நான் சொல்வது வேர்க்கடலையை. மணிலாக்கொட்டை என்று வந்த பெயர், எங்கள் தென்னார்க்காட்டு நாக்கில் மல்லாக்கொட்டையாகி, மல்லாட்டையாகத் தேய்ந்துவிட்டது. பயிரின் பூர்வீகம் தென்னமெரிக்கா. எங்கள் செம்மண்ணைப் பார்த்தால் அது இங்கேயே பிறந்த பயிர் என்றுதான் தோன்றும். ஆடியில் விதைத்தால் ஐப்பசியில் பிடுங்கலாம். மஞ்சள் பூ மேலே பூக்கும். பூ வாடியதும் அதன் அடியிலிருந்து ஒரு ஊசி இறங்கி மண்ணுக்குள் நுழைந்து அங்கே காயாகும். அந்த ஊசி இறங்கும் நாட்களில் கொல்லைக்குள் கால் வைத்தால் ஆயா சத்தம் போடுவாள். திண்டிவனம் எண்ணெய்வித்து ஆராய்ச்சி நிலையம் 1940-இல் கொடுத்த டி.எம்.வி 2, பிறகு 1967-இல் வந்த டி.எம்.வி 7 என்று அப்பா விதையைப் பெயர் சொல்லித்தான் பேசுவார். ஆயாவுக்கு எல்லாமே கொத்து மல்லாட்டை, கொடி மல்லாட்டை, அவ்வளவுதான்.

விளைந்ததில் பெரும்பகுதி கமிட்டிக்கு, அதாவது ஒழுங்குமுறை விற்பனைக் கூடத்துக்கு, போய்விடும். உடைத்த பருப்பை 80 கிலோ மூட்டையாகக் கட்டி வண்டியில் ஏற்றுவார்கள். மல்லாட்டைப் பருப்பில் ஏறக்குறைய பாதி எண்ணெய். அந்த எண்ணெய்க்குத்தான் விலை. ஊரெல்லாம் எண்ணெயை விளைவித்தோம். ஆனால் எங்கள் அடுப்படியில் எண்ணெய் ஆழாக்குக் கணக்கில்தான் இருந்தது. தீபாவளிக்கும் பொங்கலுக்கும்தான் சட்டியில் எண்ணெய் காயும். மழைக்காலச் சாயங்காலத்தில் பிள்ளைகள் பசிக்கிறது என்றால் எண்ணெய் செலவழிக்கவா முடியும்? மணல் இறங்கும்.

மணலுக்கும் ஒரு நாள் உண்டு. தை 5-ஆம் தேதி தென்பெண்ணையில் ஆற்றுத் திருவிழா. திருவண்ணாமலையிலிருந்து அண்ணாமலையார் தீர்த்தவாரிக்காக மணலூர்ப்பேட்டைக்கு வருவார். எங்கள் ஊரே கூண்டுவண்டி கட்டிக்கொண்டு ஆற்றுக்குப் போகும். சாமி பார்த்து, குளித்து, கட்டுச்சோறு தின்று கிளம்பும் நேரத்தில், ஆயா ஒரு துணிப்பையோடு ஆற்றுக்குள் இறங்குவாள். மேல் மணலை ஒதுக்கிவிட்டு முழங்கை ஆழம் தோண்டுவாள். பொடியாகவும் இருக்கக் கூடாது, பரல் பரலாகவும் இருக்கக் கூடாது. கம்பரிசி அளவுக்குக் குருணை குருணையாக வேண்டும். பொடி மணல் ஓட்டின் வரிப்பள்ளங்களில் அடைத்துக்கொள்ளும், பரல் மணல் சூட்டைச் சரியாகக் கொடுக்காது. வீட்டுக்கு வந்து இரண்டு சலிப்பு. தெளிந்த தண்ணீர் வரும்வரை கழுவல். இரண்டு நாள் வெயில். அதன் பிறகும் புது மணலை நேரே பயன்படுத்த மாட்டாள். பழைய மணலில் குறைந்துபோன அளவுக்கு ஒரு கை, இரண்டு கை சேர்ப்பாள். தயிருக்கு உறை ஊற்றுவது போல என்று இப்போது தோன்றுகிறது. பானையில் இருந்த மணலில் ஒரு பங்கு, ஆயா அந்த வீட்டுக்கு மருமகளாக வந்த வருஷத்து மணல்.

வறுக்கும் நாளில் முதல் வேலை பொறுக்குவது. முறத்தில் கொட்டி, நூத்துப்போனது, ஓட்டை விழுந்தது, பூசணம் பிடித்தது எல்லாவற்றையும் தனியே எடுப்பாள். பூசணம் பிடித்ததைக் கோழிக்குக்கூடப் போட மாட்டாள், நேரே குப்பைக்குழி. 1960-இல் இங்கிலாந்தில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட வான்கோழிகள் செத்து விழுந்தன. தீவனத்தில் கலந்திருந்த கடலைப் பிண்ணாக்கில் வளர்ந்த பூசணத்தின் நஞ்சுதான் காரணம் என்று கண்டுபிடித்து, அதற்கு அஃப்ளடாக்சின் என்று பெயர் வைத்தார்கள். வறுத்தாலும் அந்த நஞ்சு முழுதாகப் போகாது. இதைப் படித்தபோது எனக்கு ஆயாவின் முறம்தான் கண்ணுக்குள் வந்தது. அவளுக்குக் கையெழுத்துக்கூடப் போடத் தெரியாது.

பொறுக்கியதன்மேல் உப்புத் தண்ணீர் தெளித்துப் பிசிறி, நீர் சுண்டும்வரை அப்படியே விட்டுவிடுவாள். அதற்குள் இரும்புச் சட்டியில் மணல் காயும். எரிப்பதற்குச் சவுக்கு மிலாறும் மல்லாட்டை ஓடும். மணல் காய்ந்ததா என்று பார்க்க நாலு நெல்லைத் தூவுவாள். நெல் வெள்ளையாகப் பொரிந்து எழும்பினால் மணல் தயார். அந்த நாலு பொரி எனக்கு.

காய்களைக் கொட்டியதும் மரத்துடுப்பால் அடியிலிருந்து புரட்ட ஆரம்பிப்பாள். வெறும் சட்டியில் வறுத்தால் இரும்பைத் தொட்ட பக்கம் கருகும், தொடாத பக்கம் பச்சையாக நிற்கும். மணலுக்குள் புதைந்த காய்க்கு எல்லாப் பக்கமும் ஒரே சூடு. முதலில் மணல் உரசும் சத்தம் மட்டும் கேட்கும். கொஞ்ச நேரத்தில் ஓட்டுக்குள் இருக்கும் ஈரம் ஆவியாகி அங்கொன்றும் இங்கொன்றுமாக வெடிக்கும். பிறகு படபடவென்று ஓட்டின்மேல் மழை பெய்வது போல. வெளியேயும் ஐப்பசி மழை நாட்டு ஓட்டில் பெய்துகொண்டிருக்கும். எது எந்தச் சத்தம் என்று பிரிக்க முடியாது. ஆயாவுக்கு மட்டும் பிரியும்.

“சத்தம் அடங்குது பாரு கண்ணு, இனிமே எரிக்கக்கூடாது” என்று விறகை வெளியே இழுத்துவிடுவாள். ஒன்றை எடுத்து உடைத்து, பருப்பின் தோலை விரலால் தேய்ப்பாள். தோல் சட்டென்று கழன்று, உள்ளே தந்த நிறத்தில் லேசாகச் சிவப்பு ஏறியிருக்க வேண்டும். சரியாக வெந்துவிட்டது என்று கண்ணுக்குத் தெரிகிற நேரம், உண்மையில் கடந்துபோன நேரம். பருப்புக்குள் இருக்கும் எண்ணெய் சூட்டைப் பிடித்துவைத்துக்கொண்டு, சட்டியை விட்டு இறங்கிய பிறகும் வறுத்துக்கொண்டே இருக்கும். அதனால் ஒரு பிடி முன்னதாகவே இறக்கிச் சலித்துவிடுவாள்.

நாங்கள் சூடாகவே எடுத்து வாயில் போடுவோம். கடித்தால் அவித்த கடலை மாதிரி மெத்தென்று இருக்கும். “வேகவே இல்ல ஆயா” என்று அழுவான் தம்பி. “ஆறட்டும் இருடா” என்பாள். ஆறினால்தான் மல்லாட்டை மொறுமொறுக்கும். அந்தக் கால் மணி நேரம் முறத்தைச் சுற்றி உட்கார்ந்திருந்ததுதான் என் பிள்ளைப் பருவத்தின் மிக நீண்ட நேரம். வறுத்த வாசனை ஓட்டைத் தாண்டித் தெருவுக்குப் போய், எதிர்வீட்டு அத்தை, “ஆயா, மண்ணு ஆறிடுச்சுன்னா குடுங்க, நானும் ரெண்டு கை வறுத்துக்கறேன்” என்று வந்து நிற்பாள். மணல் கடன் போகும். திரும்பி வரும்போது மேலே ஒரு கை வறுத்த மல்லாட்டையும் இருக்கும்.

பண்ருட்டிப் பக்கம் பெரியம்மா வீட்டில் முந்திரிக்கொட்டை சுடுவதையும் பார்த்திருக்கிறேன். அது வேறு வகை. கொட்டையின் ஓட்டில் இருக்கும் எண்ணெய் சீறிப் பற்றி எரியும். அது பட்டால் தோல் புண்ணாகும். பிள்ளைகளை அருகில் விட மாட்டார்கள். அங்கேயும் ஒரு சொட்டு எண்ணெய் ஊற்றுவது கிடையாது, எரிவதே அதன் சொந்த எண்ணெய்தான். ஆனால் எட்ட நின்று பார்த்த முந்திரிமேல் எனக்கு அந்த ஏக்கம் இல்லை.

சென்னையில் ‘வறுத்த கடலை’ என்று பொட்டலத்தில் விற்பதை வாங்கி, பின்பக்கத்தைப் படித்தால் பெரும்பாலும் பாமாயில் இருக்கிறது. உப்பும் மிளகாய்த்தூளும் ஒட்டுவதற்கு எண்ணெய் வேண்டும். பழைய கடலையின் சிக்கு வாடையை மறைக்க மிளகாய்த்தூள் வேண்டும். நல்ல மல்லாட்டைக்கு இரண்டும் வேண்டாம். தன்னிடம் பாதி எண்ணெயை வைத்திருக்கிற பண்டத்துக்கு வெளியிலிருந்து எண்ணெய் பூசுவதை என்னால் ஏற்கவே முடியவில்லை.

வீட்டில் வறுத்துப் பார்க்கிறேன். மின்னடுப்புப் பெட்டியில் 160 டிகிரியில் ஓட்டோடு அரை மணி நேரம் வைத்தால் நன்றாகவே மொறுமொறுக்கிறது, ஆனால் கண்ணாடிக் கதவுக்குப் பின்னால் சத்தமே கேட்பதில்லை. மைக்ரோவேவில் உரித்த பருப்பு நாலைந்து நிமிஷத்தில் வறுபட்டுவிடும்; நிமிஷத்துக்கு ஒருமுறை நிறுத்திக் கிளறாவிட்டால் நடுவில் கருகும். கடைசியில் கல்லுப்புக்கு வந்து சேர்ந்தேன். இரும்பு வாணலியில் ஒரு கிலோ கல்லுப்பைக் காயவைத்து, அதில் புதைத்து வறுக்கிறேன். மொறுமொறுப்பில் ஆயாவுடையதற்குக் குறைவில்லை. வாசனையில் முக்கால் பங்கு வருகிறது. மூன்று வருஷமாக அதே உப்பு. சாம்பல் நிறத்துக்கு வந்திருக்கிறது. படபடவென்று வெடிக்கும்போது என் மகள் தொலைபேசியைக் கீழே வைத்துவிட்டு அடுப்படிக்கு வருகிறாள். “சத்தம் அடங்குதா பாரு” என்றால் காது கொடுத்துக் கேட்கிறாள்.

மணலுக்கே போகலாம் என்று ஒரு தை மாதம் ஆற்றுக்கும் போனேன். திருவிழா இப்போதும் நடக்கிறது. கூட்டம் முன்பைவிட அதிகம். ஆற்றில்தான் மணல் இல்லை. அள்ளி அள்ளி அடிமண் தெரிகிறது, பள்ளங்களில் சீமைக்கருவேல் முளைத்திருக்கிறது. முழங்கை ஆழம் தோண்டியபோது களிமண் வந்தது. கடைகளில் கிடைக்கும் எம்-சாண்ட் உடைத்த பாறையின் தூள். அதை அடுப்பில் ஏற்ற எனக்கு மனம் வரவில்லை.

ஆயா 1998-இல் போய்விட்டாள். 2006-இல் தம்பி ஓட்டு வீட்டை இடித்துவிட்டுத் தளம் போட்ட வீடு கட்டினான். வேலை நடந்துகொண்டிருந்தபோது நான் ஊரில் இல்லை. புதுமனை புகுவிழாவுக்குப் போனதும் அம்மாவிடம் அந்தப் பானை எங்கே என்று கேட்டேன். அம்மா கொஞ்ச நேரம் யோசித்தாள்.

“எந்தப் பான? ஆயா மண்ணா? கொத்தனாரு மணல் கொறையுதுன்னு கேட்டாருப்பா. பின்பக்கம் பூச்சு வேலைக்குக் கலவையில கொட்டிட்டாங்க.”

அம்மாமேல் கோபப்பட ஒன்றும் இல்லை. மணல்தானே, வீடு கட்டுகிற இடத்தில் மணல் கலவைக்குத்தான் போகும். நான் யாரிடமும் ஒன்றும் சொல்லாமல் வீட்டுக்குப் பின்னால் போனேன். பாத்திரம் துலக்கும் கல்லுக்கு மேலே, பழைய அடுப்படி இருந்த திசையில், இன்னும் வெள்ளை அடிக்காத சுவர். சாயங்கால வெயில் அதன்மேல்தான் விழுந்துகொண்டிருந்தது. கையை வைத்துப் பார்த்தேன். சூடாக இருந்தது.