ராதாவின் ஜட்கா



"ராதா குதிரை வண்டி ஓட்டினாராமே, ஏன் யாரும் சொல்லலை? இதுகூடத் தெரியாம நான் எப்படி மதுரைக்காரி?" என்று கேட்டிருக்கிறாய். யாரும் மறைக்கவில்லை மகளே. டொராண்டோவிலிருந்து நீங்கள் போன் பண்ணினால் பனி, படிப்பு என்றே பேச்சு முடிந்துவிடும். அதில் எனக்குக் கொஞ்சம் வருத்தம்தான்.

காஜிமார் தெருப் பள்ளிவாசலில் சுபுஹு பாங்கு சொல்லுமுன்பே என் அத்தா, அதாவது நீ ராதா என்று சொல்லும் உன் தாத்தா, எழுந்துவிடுவார். ராத்திரி ஊறப்போட்ட கொள்ளைக் குதிரைக்கு வைத்த பிறகுதான் அவருக்கு டீ. நாலு காலையும் தூக்கி, லாடம் ஆடுகிறதா என்று கட்டைவிரலால் அழுத்திப் பார்ப்பார். பிறகு ஸ்டேஷன் வாசலில் வரிசை பிடிக்க ஓட்டம். 1875-ல் மதுரைக்கு வந்த ரயில்தான் ஜட்காக்காரர்களுக்குச் சோறு போட்டது. வடநாட்டு யாத்ரீகர்கள் டவுன்ஹால் ரோடு வழியாகக் கோயிலுக்குப் போவார்கள். நம் ஆட்கள் ஏ.வி. பாலம் தாண்டிக் கோரிப்பாளையம் தர்காவுக்கு. கோஷாப் பெண்கள் ஏறினால் பின்பக்கம் துப்பட்டியால் திரை கட்ட வேண்டும்.

ஆட்களை உட்காரவைப்பதில்தான் வண்டிக்காரரின் சாமர்த்தியமே இருக்கிறது. இரண்டே சக்கரம். பின்னால் பாரம் கூடினால் குதிரையின் இருபுறமும் உள்ள கட்டைகள் மேலே தூக்கும், அதற்குக் கால் பாவாது. முன்னால் கூடினால் முதுகு நோகும். "அம்மா, இன்னும் கொஞ்சம் முன்னாடி வாங்க" என்று சொல்லிக்கொண்டே மூட்டையைத் தன் காலடிக்கு இழுத்துவிடுவார். சவாரிக்கு மெத்தையாகச் சாக்குக்கு அடியில் பரப்பிய புல்தான் மத்தியானம் குதிரைக்குத் தீனி.

குதிரையை அடித்து ஓட்டியது பாவமில்லையா என்றும் கேட்டிருக்கிறாய். அடித்தவர்கள் உண்டு. அத்தாவின் சவுக்குக் கம்பு பெரும்பாலும் சக்கரத்து ஆரக்கால்களில்தான் பட்டது. கடகடவென்று அந்தச் சத்தம் கேட்டால் தெருவில் நிற்பவர்கள் விலகுவார்கள், குதிரையும் நடையைக் கூட்டும். 1952-ல் தங்கம் தியேட்டர் வந்த பிறகு இரண்டாம் ஆட்டம் விடும் நேரத்திலும் சவாரி கிடைத்தது. வண்டியில் விளக்கு எரியாவிட்டால் போலீஸ் பிடிக்கும். எண்ணெய் ஊற்றுவது என் வேலை.

ஆட்டோதான் ஜட்காவை ஒழித்தது என்பார்கள். எனக்கு அதில் சம்மதமில்லை. கிட்டத்துச் சவாரியை சைக்கிள் ரிக்‌ஷாவும் தூரத்துச் சவாரியை டவுன் பஸ்ஸும் ஏற்கெனவே பறித்துவிட்டன. ரிக்‌ஷாவைச் சும்மா நிறுத்திவைத்தால் செலவில்லை. குதிரைக்குச் சவாரி இல்லாத நாளிலும் பசிக்குமே! கொள்ளு வாங்கிக் கட்டுப்படியாகாமல்தான் அத்தா விற்றார், பிறகு மரக்கடையில் கணக்கெழுதப் போனார்.

என் தம்பியான உன் அத்தா படித்தது அந்த மரக்கடைச் சம்பளத்தில்தான். அந்தக் கதையை அவனிடமே கேள். ஒழுங்காகச் சொல்கிறானா என்று எனக்கு எழுது.

பெரியத்தா