சி.ஐ.டி. சங்கர் புறப்பட்ட வாசல்

புதுக்கோட்டையிலிருந்து குடும்பத்தோடு ஏற்காடு கிளம்புகிறீர்களா? திருச்சி, நாமக்கல் வழியாக சேலம் வரை சுமார் 200 கிலோமீட்டர். மலை ஏறும் அவசரத்தில், சேலத்தில் ஏற்காடு சாலையோரம் நிற்கும் பழைய வளைவைத் தவறவிட்டுவிடாதீர்கள். அதுதான் மாடர்ன் தியேட்டர்ஸ் நுழைவாயில்!

1935-ல் டி.ஆர்.சுந்தரம் தொடங்கிய இந்த நிறுவனம் நூறு படங்களுக்கு மேல் தயாரித்தது. நம்ம ஊருக்கும் இதற்கும் பழைய உறவு உண்டு. பி.யு.சின்னப்பா பெயரில் இருக்கும் 'பி' புதுக்கோட்டைதான். அவர் இரட்டை வேடத்தில் கலக்கிய 'உத்தமபுத்திரன்' (1940) இந்த நிறுவனத்தின் படம்.

அன்று வாள் வீசிய ராஜகுமாரன். கால் நூற்றாண்டு கழித்து, துப்பாக்கி ஏந்திய துப்பறியும் அதிகாரி. 1962-ல் 'டாக்டர் நோ' வெளியாகி, உலகமெங்கும் ஜேம்ஸ்பாண்ட் மோகம் பரவிய நேரம். சுந்தரம் 1963-ல் மறைந்தார். அவருடைய மகன் ராமசுந்தரம், ஆர்.சுந்தரம் என்ற பெயரில் 1966-ல் 'வல்லவன் ஒருவன்' படத்தை இயக்கினார். நாயகன், அதற்கு முந்தைய ஆண்டுதான் அறிமுகமான ஜெய்சங்கர்.

கறுப்பு வெள்ளைப் படம்தான். ஆனாலும் கோட்டு சூட்டு, சண்டை, வேதாவின் துள்ளல் இசை, அடுத்து என்ன என்ற பரபரப்பு என ரசிகர்களைக் கட்டிப்போட்டது. வெளிநாட்டுப் படத்தில் மட்டுமே பார்த்த உளவாளி தமிழ் பேசி, நம் வீட்டுப் பையன் போலச் சிரித்தார். அந்த நெருக்கம்தான் ஜெய்சங்கரை 'தென்னகத்து ஜேம்ஸ்பாண்ட்' ஆக்கியது.

1970-ல் வந்த 'சி.ஐ.டி. சங்கர்' படத்தில் நடித்த சகுந்தலா, கடைசி வரை 'சி.ஐ.டி. சகுந்தலா'வாகவே அறியப்பட்டார். 1986-ல் சுஜாதா எழுத்தில் கமல் நடித்த 'விக்ரம்' ஏவுகணையைத் தேடி ஓடியதும் இவர்கள் போட்ட பாதையில்தான். அந்த விக்ரம் 2022-ல் மறுபடியும் வந்து, இன்றைய பிள்ளைகளையும் விசிலடிக்க வைத்தார்.

இன்று வளைவுக்குப் பின்னால் படப்பிடிப்புத் தளங்கள் இல்லை, வீடுகள்தான். மிஞ்சியிருப்பது இந்த வாசல் மட்டுமே. இங்கே என்ன நடந்தது என்று சொல்ல தாத்தா, பாட்டிகளால்தான் முடியும். அவர்களையும் அழைத்துப் போங்கள். முதல்நாள் இரவு எல்லோருமாக உட்கார்ந்து 'வல்லவன் ஒருவன்' பார்த்துவிட்டால், வழியெல்லாம் பேச விஷயம் இருக்கும்!