ஜாலான் புசாரில் ஒரு பைக் கணக்கு

சிங்கப்பூருக்குப் போகும் வாசகர்களே, தேக்காவையும் சிராங்கூன் ரோட்டையும் பார்த்த கையோடு திரும்பிவிடாதீர்கள். சையத் ஆல்வி ரோட்டில் சற்று நடந்தால் ஜாலான் புசார் வந்துவிடும். மலாய் மொழியில் பெரிய சாலை என்று பொருள். ஒரு காலத்தில் சதுப்பு நிலம். 1929-இல் அங்கே ஒரு விளையாட்டரங்கம் திறந்தார்கள்; இன்று நிற்பது பிறகு புதிதாகக் கட்டியது. சாலையின் ஒரு கோடியில், சுங்கை ரோட்டில், பழைய சாமான் சந்தை கூடும். ஒருவர் கழித்த வானொலி இன்னொருவர் வீட்டில் பாடும். 2017 ஜூலை 10-இல் அந்தச் சந்தை மூடப்பட்டது.

இப்போது பக்கத்தில் உள்ள ஒரு பேரங்காடிக்குள் நுழையுங்கள். நாலு கத்தரிக்காய் ஒரு தட்டில், மேலே பிளாஸ்டிக் தாள். இரண்டு போதும் என்றாலும் நாலையும்தான் எடுக்க வேண்டும். மீதி வாடினால் நஷ்டம் யாருக்கு?

பணம் கட்டும் இடத்தில் பை கேட்டால் குறைந்தது 5 காசு. பெரிய பேரங்காடிகளில் 2023 ஜூலை 3 முதல் இதுதான் சட்டம். ஆனால் அது கைப்பிடி உள்ள பைக்கு மட்டும். கத்தரிக்காயைச் சுற்றிய தாளுக்குத் தனியே காசு கேட்பதில்லை. இலவசம் என்று எண்ணாதீர்கள். அது காயின் விலையிலேயே அடக்கம்.

அந்தத் தாள் பிறகு எங்கே போகிறது? சிங்கப்பூரில் வீட்டுக் குப்பையில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு இப்படிப்பட்ட உறைகளும் பொட்டலங்களும்தான். குப்பையை எரித்து, சாம்பலைப் படகில் ஏற்றி, செமாக்காவ் தீவில் கொட்டுகிறார்கள். 1999-இல் திறந்த அந்த இடம் 2035 வாக்கில் நிரம்பிவிடும் என்பது அரசாங்கத்தின் கணக்கு. நாடோ சிறியது. அடுத்த தீவுக்கு எங்கே போவது?

உறையே கூடாது என்பதல்ல. மீனும் இறைச்சியும் கெடாமல் இருக்க உறை வேண்டும். வெள்ளரிக்காய்கூட உறைக்குள் இருந்தால் சில நாள் கூடத் தாங்கும். ஆனால் தேங்காய்க்கு எதற்கு உறை? இயற்கையே ஓடு போட்டுத்தானே அனுப்பியிருக்கிறது!

தாய்மார்களே, தோட்டத்துக் கடையில் ஒரு காலத்தில் வேண்டிய அளவு நிறுத்து, பழைய செய்தித்தாளில் மடித்துக் கொடுத்தார்கள். துணிப்பை நம் கையோடு போனது. அந்தப் பழக்கத்தை விட்டுவிடாதீர்கள். தேக்கா சந்தையில் இன்றும் காயைக் கையால் பொறுக்கி, வேண்டிய அளவு வாங்கலாம். ஊரைச் சுற்றிப் பார்க்கக் கிளம்பும்போதே ஒரு துணிப்பையை மடித்து எடுத்துக்கொள்ளுங்கள். 5 காசும் மிச்சம். இரண்டு கத்தரிக்காயும் மிச்சம்.