வேலைநாளில் பட்டறை, ஞாயிற்றுக்கிழமை ரேஸ்

கொடுங்கையூரிலிருந்து மூலக்கடைக்கு வந்து ஜி.என்.டி. ரோட்டில் வடக்கே திரும்பினால் மாதவரம், புழல், செங்குன்றம் தாண்டிச் சோழவரம். இரண்டாம் உலகப் போருக்காகப் போட்ட விமான ஓடுதளம் ஒன்று அங்கே இருந்தது. போர் முடிந்த பிறகு, 1953-ல் தொடங்கிய மெட்ராஸ் மோட்டார் ஸ்போர்ட்ஸ் கிளப் அந்த ஓடுதளத்தில் பல ஆண்டுகள் கார் பந்தயமும் பைக் பந்தயமும் நடத்தியது. எங்கள் தெருப் பெரியவர்கள் சைக்கிளில் டபுள்ஸ் போட்டுக்கொண்டு போய்ப் பார்த்த கதையை இன்னும் சொல்வார்கள். வண்டிகளின் பெயரெல்லாம் அவர்களுக்கு நினைவிருக்கிறது. ஓட்டியவர்களில் நம்ம ஏரியாக்காரர் யார் என்று கேட்டால்தான் பேச்சு நின்றுவிடும்.

சோழவரத்தில் ஓட்டியவர்கள் பெரும்பாலும் பகுதி நேர ஓட்டுநர்கள். ஆலையும் கம்பெனியும் எஸ்டேட்டும் வைத்திருந்தவர்கள், அவர்கள் வீட்டுப் பிள்ளைகள். விஜய் மல்லையா அங்கே ஓட்டியிருக்கிறார். கோவையின் ஜவுளி ஆலைக் குடும்பத்திலிருந்து கரிவரதன் வந்தார். அவர்கள் யாரும் ரேஸில் சம்பாதிக்கவில்லை, சொந்தப் பணத்தைப் போட்டு ஓட்டினார்கள். அவர்களைக் குறை சொல்வதற்காக இதை எழுதவில்லை. அவர்கள் இல்லையென்றால் இந்த நாட்டில் மோட்டார் பந்தயமே இருந்திருக்காது. அதிலும் கரிவரதன் செய்தது பெரிய காரியம். மாருதி 800 எஞ்சினை வைத்து ‘ஃபார்முலா மாருதி’ என்ற ஒற்றை இருக்கைப் பந்தயக் காரை இங்கேயே உருவாக்கி, இறக்குமதி வண்டி வாங்க வழியில்லாதவர்களுக்கும் ஒரு கதவைத் திறந்தார். 1995-ல் விமான விபத்தில் அவர் போய்விட்டது நமக்குப் பெரிய இழப்பு.

அமெரிக்காவில் இந்தக் கதை வேறு மாதிரி தொடங்கியது. அங்கே ‘ஸ்டாக் கார்’ பந்தயம் பட்டறையில் பிறந்தது. தென் மாநிலங்களில் கள்ளச்சாராயம் கடத்தியவர்கள் போலீஸ் வண்டியை மிஞ்சுவதற்காகச் சாதாரணக் கார்களின் எஞ்சினைப் பிரித்து மேய்ந்து வேகம் கூட்டினார்கள். யார் வண்டி வேகம் என்ற போட்டி மண் பாதையில் பந்தயமானது. 1948-ல் நாஸ்கார் அமைப்பு உருவானபோது அதில் ஓட்டியவர்களில் மெக்கானிக்குகளும் சிறு விவசாயிகளும் நிறைய. வாரம் முழுக்க வேலை, வாரக் கடைசியில் பந்தயம்.

அவர்களில் நான் மிகவும் மதிக்கும் மனிதர் வெண்டல் ஸ்காட். வர்ஜீனியாவின் டான்வில் ஊர்க்காரர், கறுப்பினத்தவர். டாக்சி ஓட்டியவர், சொந்தமாக மெக்கானிக் ஷெட் வைத்திருந்தவர். பழைய வண்டியைத் தன் கையாலேயே சரிசெய்து, பிள்ளைகளையே உதவியாளர்களாக வைத்துக்கொண்டு ஊர் ஊராகப் போய் ஓட்டினார். 1963 டிசம்பரில் ஜாக்சன்வில்லில் நடந்த பந்தயத்தில் அவர்தான் முதலில் வந்தார். ஆனால் வெற்றிக் கொடியை இன்னொருவருக்குக் காட்டினார்கள். கணக்கில் பிழை என்று ஒப்புக்கொண்டபோது கூட்டம் கலைந்திருந்தது. அந்த வெற்றிக்கான முறையான கோப்பை அவர் குடும்பத்தின் கைக்கு வந்தது 2021-ல். அவர் இறந்து அப்போது முப்பது வருடம் கடந்திருந்தது. அந்த மனிதரைப் பற்றிப் படிக்கும்போதெல்லாம் எருக்கஞ்சேரி ஹைரோட்டில் லாரிக்கு அடியில் படுத்திருக்கும் யாரோ ஒருவரின் முகம்தான் எனக்குத் தெரிகிறது.

டான்வில்லுக்குப் பக்கத்திலேயே மார்ட்டின்ஸ்வில் என்ற சிற்றூர். ஒரு சுற்று முக்கால் கிலோமீட்டருக்குக் கொஞ்சம் அதிகமாக வரும் சின்ன ஓவல் பாதை அங்கே இருக்கிறது. 2010 மார்ச்சில் அதில் ஒரு தமிழர் ஓட்டினார். கோவை நாராயண் கார்த்திகேயன். கரிவரதன் திறந்த அந்தக் கதவின் வழியாக, ஃபார்முலா மாருதியில் தொடங்கியவர் அவர். 2005-ல் ஜோர்டன் அணிக்காக ஓட்டி, ஃபார்முலா ஒன்னில் கால்வைத்த முதல் இந்தியர் ஆனார். அப்படிப்பட்டவர் ஐந்து வருடம் கழித்து நாஸ்காரின் பிக்கப் டிரக் தொடரில் பகுதி நேர ஓட்டுநராகப் போய்ச் சேர்ந்தார். முதல் பந்தயத்தில் பதின்மூன்றாம் இடம். அந்தத் தொடரில் மொத்தம் 25 பந்தயங்கள், அவர் ஓட்டியது 9.

ஃபார்முலா ஒன்னிலிருந்து இறங்கி டிரக் பந்தயத்துக்கு வந்துவிட்டாரே என்று அப்போது சிலர் உச்சுக்கொட்டினார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஃபார்முலா ஒன் கார் அறுநூறு கிலோ. இந்த டிரக் ஒன்றரை டன், வி8 எஞ்சின், கையால் மாற்றும் நாலு கியர். ஓவலில் திருப்பம் எல்லாமே இடதுபக்கம்தான். அங்கே உரசுவது தப்பில்லை, முன்னால் போகிறவனை பம்பரால் தள்ளிவிட்டும் வழி வாங்கலாம். பக்கத்தில் யார் வருகிறார் என்பதைக் அரங்கின் கூரை மேல் நிற்கும் ‘ஸ்பாட்டர்’ ரேடியோவில் சொல்லச் சொல்ல, அவரை நம்பி ஓட்ட வேண்டும். உலகத்தின் உச்சியைப் பார்த்துவிட்டு வந்தவர், புதுப் பையனைப் போல முதலிலிருந்து கற்றுக்கொண்டார். பகுதி நேர ஓட்டுநருக்குப் பட்டம் கிடைக்க வாய்ப்பே இல்லை, ஓட்டாத பந்தயத்துக்குப் புள்ளி வராது. ஆனால் அந்த வருடம் அந்தத் தொடரின் மிகப் பிரபலமான ஓட்டுநராக ரசிகர்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுத்தது நாராயணைத்தான். அவருடைய வாழ்க்கையில் அதிகம் பேசப்படாத இந்தப் பக்கத்தைத்தான் நான் அதிகம் விரும்புகிறேன்.

நம்மிடையே முழுநேரத் தொழில் வேறாக இருந்தும் ரேஸை விடாதவர்களும் உண்டு. நடிகர் அஜித் குமார் 2010-ல் ஃபார்முலா டூ ஓட்டினார். 2025-ல் துபாய் 24 மணி நேரப் பந்தயத்தில் அவருடைய அணி தன் பிரிவில் மூன்றாவதாக வந்தது.

இனி நம் வடசென்னைக்கு வருகிறேன். எம்.ஆர்.எஃப். 1946-ல் பலூன் செய்யும் கொட்டகையாகத் தொடங்கியது திருவொற்றியூரில். என்ஃபீல்டு புல்லட் 1956-லிருந்து உருவானதும் அதே திருவொற்றியூரில். லேலண்டு எண்ணூரில். பந்தயத்துக்கு வேண்டிய டயர், எஞ்சின், சேசிஸ் மூன்றையும் அறிந்த கைகள் தலைமுறை தலைமுறையாக இருப்பது இந்தப் பக்கம்தான். வியாசர்பாடி கால்பந்து வீரர்களைக் கொடுத்தது. வடசென்னை குத்துச்சண்டை வீரர்களையும் கேரம் வீரர்களையும் கொடுத்தது. அதெல்லாம் முடிந்த இடத்தில் கார் பந்தயம் மட்டும் ஏன் முடியவில்லை?

2024 ஆகஸ்ட் கடைசியில் தீவுத்திடலைச் சுற்றி இரவில் ஃபார்முலா 4 ரேஸ் நடந்தது. அதற்கு அடுத்த வாரம், என் வண்டிக்கு ஆயில் மாற்றிக்கொண்டிருந்த பையன் கேட்டான்: “அண்ணா, அதுல ஓட்டணும்னா எங்க போய் பேர் குடுக்கணும்?” எஞ்சின் சத்தத்தைக் கேட்டே எந்த சிலிண்டரில் கோளாறு என்று சொல்லும் பையன். அவனுக்கு நான் உண்மையைச் சொன்னேன். லைசென்ஸ், தீப்பிடிக்காத உடை, ஹெல்மெட், கழுத்துக் காப்பு, நுழைவுக் கட்டணம், டயர் செட், இதெல்லாம் முதலில். சொந்த வண்டி இல்லையென்றால் ஏதாவது ஒரு அணியில் ஒரு பந்தயத்துக்கு இவ்வளவு என்று கொடுத்து சீட் வாங்க வேண்டும். இருங்காட்டுக்கோட்டை டிராக்குக்கு மூன்று நாள் போனால் மூன்று நாள் கூலி போய்விடும். அவன் மேற்கொண்டு ஒன்றும் கேட்கவில்லை.

அந்த ஆசை மட்டும் எங்கும் போவதில்லை. அது நடு ராத்திரியில் ரோட்டுக்கு வருகிறது. ஹெல்மெட் இல்லாமல், கண்டெய்னர் லாரிகளுக்கு நடுவே, பைக்கில். மறுநாள் கண்ணீர் அஞ்சலி போஸ்டரில் பதினெட்டு வயதுப் பையன் சிரித்துக்கொண்டிருப்பான். போலீஸார் பைக்கைப் பிடிப்பதும் பெற்றோரைக் கூப்பிட்டுக் கண்டிப்பதும் அவசியம்தான். ஆனால் அதோடு நிறுத்திக்கொண்டால், ஓட்டத் தெரிந்தவனுக்கு ஓட்ட இடமில்லை என்ற உண்மை அப்படியே இருக்கும்.

இதற்கு வழி இல்லாமல் இல்லை. டெல்லிக்குப் பக்கத்தில் புத் சர்க்யூட்டில் 2014-ல் தொடங்கிய டி1 பிரைமா லாரிப் பந்தயத்தில் முதலில் வெளிநாட்டு ஓட்டுநர்கள்தான் ஓட்டினார்கள். 2016-ல் நம் நாட்டு லாரி டிரைவர்களையே தேர்ந்தெடுத்து, பயிற்சி கொடுத்து, அதே பாதையில் ஓட வைத்தார்கள். அதுவரை நெடுஞ்சாலையில் சரக்கு ஏற்றிப் போனவர்கள் அவர்கள். பயிற்சியும் வண்டியும் கிடைத்ததும் ஓட்டிக் காட்டினார்கள்.

அதையே இங்கே செய்யலாம். இந்திய மோட்டார் ஸ்போர்ட்ஸ் சம்மேளனத்தின் தலைமையகம் சென்னையில் இருக்கிறது. டிராக் இருங்காட்டுக்கோட்டையில் இருக்கிறது. தீவுத்திடல் ரேஸுக்குத் துணை நின்ற தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையம் இருக்கிறது. வருடத்துக்குப் பத்துப் பேரையாவது வடசென்னையின் ஐ.டி.ஐ.களிலிருந்தும் பட்டறைகளிலிருந்தும் சோதித்து எடுங்கள். லைசென்ஸும் உடையும் கொடுத்து, சாதாரணக் கார்கள் ஓடும் பிரிவில் ஒரு சீசன் ஓட விடுங்கள். பந்தய நாட்களுக்கு அவர்களுடைய கூலியையும் சேர்த்துக் கொடுங்கள். திங்கட்கிழமை அவர்கள் வேலைக்குத் திரும்பிப் போகட்டும்.