நூலில் தொங்கும் செஸ்னா

நாமக்கல் புறவழிச்சாலையை ஒட்டிய லாரி பாடி பட்டறை ஒன்றின் பின்கட்டில், தகரக் கூரையிலிருந்து இரண்டு நூல்களில் ஒரு விமானம் தொங்குகிறது. இறக்கை நுனிக்கு நுனி 2.2 மீட்டர், செஸ்னா 172-இல் ஐந்தில் ஒரு பங்கு. கட்டியவர்கள் பொறியியல் மாணவர்கள் நால்வரும் பட்டறையின் மூத்த ஃபிட்டரும்.

ஷோகேஸில் வைக்கும் பொம்மை என்றால் பெயின்ட் அடித்ததோடு வேலை முடிந்திருக்கும். இதுவோ நிஜ விமானம் தடுமாறுவது போலவே தடுமாற வேண்டும். அதற்குக் கணக்கு கறாரானது. நீளம் ஐந்தில் ஒன்று என்றால் எடை 125-இல் ஒன்று. சுமார் 1,110 கிலோ எடையோடு கிளம்பும் செஸ்னாவுக்கு மாடல் 9 கிலோவுக்குச் சற்றுக் குறைவு. மணிக்கு 200 கி.மீ. வேகம் இங்கே 89 ஆகிவிடும்.

எடையைக்கூடச் சமாளித்துவிடலாம். அது எங்கெங்கே உட்கார்ந்திருக்கிறது என்பதுதான் பாடாய்ப் படுத்துகிறது. மூக்கிலும் வாலிலும் கனம் இருந்தால் விமானம் திரும்பவும் சோம்பும், திரும்பத் தொடங்கினால் நிற்கவும் சோம்பும். பாடப்புத்தகம் நிலைமத் திருப்புத்திறன் என்று சொல்லும் இது 3,125-இல் ஒரு பங்காக வர வேண்டும்.

அதை அளக்கத்தான் இந்த நூல். மாடலை லேசாகத் திருகி விட்டதும் அது இடமும் வலமுமாக ஆடுகிறது. ஒரு மாணவர் ஸ்டாப்வாட்ச்சில் நேரம் பிடிக்கிறார். கணக்கில் வந்ததைவிட மெதுவாக ஆடினால் கனம் ஓரங்களுக்குப் போய்விட்டது என்று பொருள். எடை கூட்ட டயர் கடையில் வாங்கிய பேலன்சிங் ஈயத்துண்டுகள். லாரி ஊரில் அதற்கா பஞ்சம்?

"ஏனுங்ணா, இப்போ சரிங்களா?"

"வால்ல இருக்கறத எடுத்துரு தம்பி. பேட்டரியும் ஒரு விரக்கடை பின்னால வரட்டும்." முன்னும் பின்னும் ஒருசேர நடுவுக்கு வந்தால் சி.ஜி. எனும் ஈர்ப்பு மையம் அசையாது, ஆட்டம் மட்டும் வேகமாகும். ஃபிட்டருக்குச் சூத்திரம் தெரியாது, கை சொல்கிறது.

இந்தத் தடுமாற்றம் விளையாட்டுச் சமாசாரம் இல்லை. 2003-இல் முதன்முதலாகப் பறந்த எச்.ஏ.எல்.லின் எச்.ஜே.டி-36 பயிற்சி விமானத்தை ஆண்டுக்கணக்கில் முடக்கியது, விமானம் சுழன்றபடி கீழே விழும் 'ஸ்பின்' பிரச்சினைதான். செங்குத்து வாலைப் பின்னுக்குத் தள்ளி, 2019-இல் மீண்டும் பறக்கவிட்டார்கள். இப்படிப்பட்ட வில்லங்கங்களை முன்கூட்டியே பார்க்க, இன்று நாசாவின் கையில் உள்ள லாங்லி மையத்தில் 1941-இல் செங்குத்துக் காற்றுச் சுரங்கம் ஓடத் தொடங்கியது. மேல்நோக்கி வீசும் காற்றில் மாடலைக் கையாலேயே வீசுவார்கள்.

மாடல் சொல்வதையெல்லாம் வேதவாக்காக எடுத்துக்கொள்ளவும் முடியாது. விமானம் சிறுத்தாலும் காற்று சிறுக்காது. சின்ன இறக்கை சீக்கிரமே தூக்குவிசையை இழக்கும்.

மாடலைப் பறக்கவிட ஓமலூர் கமலாபுரம் விமான நிலையம் பக்கம் இவர்கள் தலைவைத்தும் படுப்பதில்லை. அனுமதியின்றிப் பறக்கவிடக் கூடாத சிவப்பு மண்டலம் அது. கடலைக்காய் பறித்து முடிந்த காடுதான் ஓடுதளம். அங்கே எடுக்கும் வீடியோவை 2.24 மடங்கு மெதுவாக ஓட்டினால்தான் நிஜ விமானத்தின் நேரத்துக்கு வரும்.