குதிரைகள் மிரண்ட கதை

நான் பி.காம். பற்று, வரவு தெரியும். பேட்டி எடுக்க உதவுமே என்று 2002-ல் பிரெஞ்சு மாலை வகுப்பில் சேர்ந்தேன். இரண்டாம் வருடம், மேடம் ராசீனின் 'ஃபேத்ர்' நாடகத்தை எடுத்தார். 1677-ல் பாரிஸில் மேடையேறியது.

அந்தக் காலத்து பிரெஞ்சு சோக நாடகத்துக்கு ஏகப்பட்ட கண்டிஷன். கதை ஒரே நாளில், ஒரே இடத்தில் முடியணும். மேடையில் ரத்தம் கூடாது. அதனால் இளவரசன் இப்போலித் சாவதை நாம் பார்ப்பதில்லை. அவனுடைய ஆசான் தெரமேன் வந்து அப்பா தெசேயிடம் சொல்கிறார். ஊர் வாசலைத் தாண்டியது, கடலிலிருந்து பூதம் கிளம்பியது, குதிரைகள் மிரண்டது, தேர் உடைந்தது... எழுபது வரிக்கு மேல்! இத்தனைக்கும் மகனைச் சபித்ததே அந்த அப்பாதான்.

"பையன் போயிட்டான்னு முதல்லயே சொல்லியாச்சே மேடம், அப்புறம் எதுக்கு இந்த ரன்னிங் கமென்ட்ரி?" என்றேன். வகுப்பே சிரித்தது. மேடம் சிரிக்கவில்லை. "தெசே ஏன் நிறுத்தச் சொல்லலை? யோசிச்சுட்டு வாங்க."

யோசிக்கவில்லை. பரீட்சைக்கு மனப்பாடம் செய்ததோடு சரி.

2009-ல் கும்பகோணத்தில் அப்பா இறந்தார். முந்தின நாள் அவர் போன் பண்ணியபோது, "அப்புறம் பேசறேம்ப்பா" என்று வைத்திருந்தேன். ஊருக்குப் போய் இறங்கியதும் பக்கத்து வீட்டு மாமா ஆரம்பித்தார்.

"காலையில காபி குடிச்சார். டம்ளரை அவரே கழுவினார். திண்ணையில உட்கார்ந்து பேப்பரைப் பிரிச்சார்..."

மாமாவுக்குத் தொண்டை அடைத்தது. "சரி விடுப்பா, அதெல்லாம் இப்ப எதுக்கு" என்றார்.

"டம்ளரைக் கழுவினார்னு சொன்னீங்களே மாமா... அங்கேருந்து சொல்லுங்க" என்றேன்.