நானூறு மீட்டரும் ஒரு வேலையும்

ஆரோக்கிய ராஜீவ் தொடக்கத்தில் ஓட்டக்காரர் அல்ல, நீளம் தாண்டுபவர். 1991-இல் லால்குடி வட்டத்து வழுதியூரில் பிறந்தார். அப்பா லாரி ஓட்டினார், அம்மா கூலி வேலைக்குப் போனார். பள்ளியிலும், பின்பு திருச்சி தூய வளனார் கல்லூரியிலும் அவர் ஓடியதெல்லாம் தாண்டுவதற்கு முன்னால் ஓடும் நாற்பது மீட்டர் அளவிலான ஓட்டம்தான். அந்த வேகத்தை நானூறு மீட்டர் முழுக்க நீட்டிப் பார்க்கலாம் என்ற யோசனை பட்டாளத்தில் சேர்ந்த பிறகே வந்தது. மெட்ராஸ் ரெஜிமென்ட்டில் சிப்பாயாகச் சேர்ந்தவரைப் பயிற்சியாளர்கள் நானூறுக்கு மாற்றினார்கள்.

மாவட்டத்துக் கல்லூரிகளில் ஓடும் பிள்ளைகளுக்குப் பட்டம் வாங்கும் வயதில்தான் நெருக்கடி தொடங்குகிறது. கல்லூரி இருக்கும் வரை விடுதிச் சாப்பாடு உண்டு, உடற்கல்வி இயக்குநர் இருப்பார், பல்கலைக்கழகப் போட்டிகள் இருக்கும். மூன்றாண்டு முடிந்ததும் எல்லாம் ஒரே நாளில் நின்றுவிடும். ஒரு ஓட்டக்காரரின் உடல் முழு வலுவை எட்டுவதோ அதற்கும் மூன்று நான்கு ஆண்டுகள் கழித்துத்தான். இந்த இடைவெளியில் சம்பளமும் பயிற்சி நேரமும் சேர்ந்து கிடைக்காதவர்கள் ஓட்டத்தை விட்டுவிடுகிறார்கள். திறமைக் குறைவால் விட்டவர்களைவிட இப்படி விட்டவர்களே அதிகம் என்று தயங்காமல் சொல்லலாம்.

இடைவெளியைக் கடக்க நம் ஊரில் இருக்கும் வழிகள் சிலவே: பட்டாளம், போலீஸ், ரயில்வே. திருச்சி பொன்மலைக்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. நாகப்பட்டினத்தில் இருந்த தென்னிந்திய ரயில்வேயின் பணிமனை 1928-இல் பொன்மலைக்கு வந்தது முதல், அங்கே சங்கு ஊதும் நேரத்துக்குத்தான் வீடுகள் விழிக்கின்றன. அந்தக் குடியிருப்புகளில் ரயில்வே மைதானத்தில் விளையாடுவதும் ரயில்வேயில் வேலை பார்ப்பதும் வேறு வேறாகக் கருதப்படுவதில்லை. விளையாட்டு ஒதுக்கீட்டில் கிடைக்கும் வேலைதான் ஒரு வீரரின் இருபத்திரண்டு வயதுக்குப் பிந்தைய வாழ்வைத் தீர்மானிக்கிறது.

அமெரிக்காவில் இந்த வழி வேறு. அங்கே சிறு கல்லூரி ஒன்றில் அமெரிக்கக் கால்பந்து ஆடும் ரன்னிங் பேக், பந்தைக் கையில் ஏந்தி எதிரணியைக் கிழித்து ஓடுபவர், தொழில்முறை அணிகளின் கண்ணில் பட வேண்டும். பட்டால் பணம், படாவிட்டால் வேறு பிழைப்பு. நெப்ராஸ்காவின் சாட்ரன் ஸ்டேட் கல்லூரியில் ஓடிய டேனி வுட்ஹெட், சிறு கல்லூரிகளுக்கான உயரிய விருதை இரண்டு முறை வென்றும், 2008-இல் எந்த அணியும் அவரைத் தேர்ந்தெடுக்கவில்லை. பிறகு ஜெட்ஸ் அணி வழியாகத் தொழில்முறை ஆட்டத்துக்குள் நுழைந்து, வெவ்வேறு அணிகளில் பல ஆண்டுகள் ஆடினார். நம் ஓட்டக்காரரை விலைக்கு வாங்கத் தொழில்முறை அணிகள் இல்லை. ஆனால் மாதச் சம்பளம் வந்துகொண்டே இருக்கும் என்ற ஒரு நிம்மதி உண்டு.

பட்டாளத்தில் ராஜீவுக்கு வாய்த்த நானூறு மீட்டர் கொடுமையான தூரம். முழு வேகத்தில் அதை ஓடி முடிக்க எவராலும் முடியாது. முதல் முந்நூறில் வேகத்தைச் செலவழித்தவர் கடைசி நூறில் தொடை இறுகி நிற்பார். 2014 இஞ்சியோன் ஆசிய விளையாட்டில் ராஜீவ் 45.92 வினாடியில் வெண்கலம் வென்றார். 2016-இல் பெங்களூரில் 45.47. ரியோ ஒலிம்பிக்குக்கு வேண்டியது 45.40. நூற்றில் ஏழு பங்கு வினாடியில் தனிநபர் வாய்ப்பு போயிற்று.

அவரைக் காப்பாற்றியது தொடர் ஓட்டம். தனிநபர் ஓட்டத்தில் கணக்குத் தப்பியவருக்கும் அங்கே இடம் உண்டு. குச்சியை வாங்குபவர் ஏற்கெனவே ஓடத் தொடங்கியிருப்பதால் தனி ஓட்டத்தைவிட அவரது நேரம் அரை வினாடிக்கு மேலும் குறையலாம். முன்னால் ஒருவர் ஓடுவதைக் கண்டால் சிலருக்குக் கால் இன்னும் வேகமாகப் போகும். ராஜீவ் அத்தகையவர். ரியோவில் இந்திய அணி தகுதி நீக்கம் செய்யப்பட்டது பெரிய அடி. அடுத்த ஆண்டே புவனேஸ்வர் ஆசிய தடகளப் போட்டியில் தொடர் ஓட்டத்தில் தங்கமும் தனி ஓட்டத்தில் வெள்ளியும் வந்தன. அர்ஜுனா விருதும் அதே ஆண்டில். 2018 ஜகார்த்தா ஆசிய விளையாட்டில் இரண்டு வெள்ளி. அவற்றில் ஆண்களும் பெண்களும் சேர்ந்து ஓடும் கலப்புத் தொடர் ஓட்டத்து வெள்ளி, பஹ்ரைன் அணியின் ஊக்கமருந்துக் குற்றம் உறுதியானதால் பின்னர் தங்கமாயிற்று. 2021 ஆகஸ்டில் டோக்கியோ ஒலிம்பிக்கின் தொடர் ஓட்டத்தில் ராஜீவ் இடம்பெற்ற இந்திய ஆண்கள் அணி 3 நிமிடம் 0.25 வினாடியில் ஓடி ஆசிய சாதனை படைத்தது. ஆயினும் இறுதிக்கு ஓரிடம் குறைந்தது.

அதே ஒலிம்பிக்கின் கலப்புத் தொடர் ஓட்டத்தில் ராஜீவுடன் ஓடியவர்களில் சுபா வெங்கடேசனும் திருச்சிக்காரர்தான். சுபா 2023-இல் பாங்காக்கில் ஆசியத் தங்கம் வென்ற கலப்பு அணியிலும் இருந்தார். அந்த அணியின் இன்னொருவர் திருவாரூர் மாவட்டத்து ராஜேஷ் ரமேஷ், திருச்சி ஜங்ஷனில் டிக்கெட் பரிசோதகராக வேலை பார்த்தவர். அதே ஆண்டு ஆகஸ்டில் புடாபெஸ்ட் உலகப் போட்டியில் இந்திய ஆண்கள் அணி 2 நிமிடம் 59.05 வினாடியில் ஓடி, ராஜீவும் தோழர்களும் டோக்கியோவில் ஓடிய நேரத்தை முந்தியது, புதிய ஆசிய சாதனையும் படைத்தது. அமெரிக்க அணியை ஒட்டிக் கடைசிச் சுற்றை ஓடி முடித்தவர் அந்த டிக்கெட் பரிசோதகர்.